ஜாய் என்று பெயர் வைத்தால் என்ன?

கள்ளக்குறிச்சி, சங்கராபுரம், திருக்கோவிலூர் பக்கத்து ஊர்களில் ‘பாவாடை’ என்பது ஆண்பிள்ளையின் பெயர். ஒரே ஊரில் இரண்டு மூன்று பேர் இருந்தால் பெரிய பாவாடை, சின்னப் பாவாடை, மேலத்தெரு பாவாடை என்று அடையாளம் சொல்லிக் கூப்பிடுவார்கள். ஊருக்குள் இருக்கும்வரை அந்தப் பெயரில் ஒரு குறையும் யாருக்கும் தெரியாது. பிளஸ் டூ முடித்துவிட்டு வெளியூர்க் கல்லூரிக்குப் போன முதல் நாள்தான் தெரியும். வருகைப் பதிவேட்டில் பெயரைப் படித்ததும் வகுப்பே சிரிக்கும். அன்றிலிருந்து அந்தப் பையன், பெயர் கேட்டால் இனிஷியலை மட்டும் சொல்லப் பழகிக்கொள்வான்.

மேல்மலையனூர் அங்காளம்மனின் காவல் தெய்வம் பாவாடைராயன். அவனை வேண்டிக்கொண்டு பெற்ற பிள்ளைக்கு அவன் பெயர். தெய்வத்தின் முன் துணி விரித்துச் சோறு குவித்துப் படைப்பதற்கும் பாவாடை என்றுதான் பெயர். இதையெல்லாம் சிரிக்கிற வகுப்பில் எழுந்து நின்று விளக்கப் பதினெட்டு வயதில் யாருக்கு வாய் வரும்?

அப்படி ஒரு பாவாடைக்கு இப்போது பெண் குழந்தை பிறந்திருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். குழந்தைக்கு ‘ஜாய்’ என்று பெயர் வைக்க வேண்டும் என்பது அவர் ஆசை. மனைவிக்கும் சம்மதம். அப்பா முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். குலதெய்வத்தின் பெயரை விட்டுவிட்டு இதென்ன இங்கிலீஷ் பெயர் என்கிறார். மாமியார், “சாயாவா? டீயைப் போய் யாராவது பேரா வைப்பாங்களா?” என்று கேட்கிறார். சொந்தக்காரர் ஒருவர், தமிழ் என்ன செத்தா போய்விட்டது என்று சண்டைக்கே வருகிறார். இந்தப் பாவாடை ஒரு தனி மனிதர் இல்லை. இன்று கள்ளக்குறிச்சி மாவட்டத்தில் குழந்தைக்குப் பெயர் தேடும் பல தகப்பன்மாரின் சாயல் அவரிடம் இருக்கிறது. அவர்களைக் கடிந்துகொள்வதற்கு முன், அந்த ஆசை எங்கிருந்து வருகிறது என்று பார்ப்பது நியாயம்.

மகிழ்ச்சியைச் சொல்லும் ஓர் ஆங்கிலச் சொல்லைப் பெயராக வைப்பது இந்தியாவுக்குப் புதிதில்லை. 2022 பர்மிங்காம் காமன்வெல்த் போட்டியில் லான் பவுல்ஸ் என்ற, நம்மில் பலர் அதுவரை கேள்விப்படாத விளையாட்டில் இந்தியப் பெண்கள் நால்வர் தங்கம் வாங்கினார்கள். அவர்களில் ஒருவர் ஜார்க்கண்ட் காவல்துறையைச் சேர்ந்த லவ்லி சௌபே; இன்னொருவர் பிங்கி. அடுத்த ஆண்டு டெல்லியில் நடந்த உலகக் குத்துச்சண்டைப் போட்டியில் 81 கிலோ பிரிவில் தங்கம் வென்ற ஹரியானா வீராங்கனையின் பெயர் ஸ்வீட்டி பூரா. பீகாரின் சிவஹர் தொகுதியில் 2024ல் வென்ற மக்களவை உறுப்பினர் லவ்லி ஆனந்த். தமிழ் சினிமாவில் பாடிய ஜாலி ஆபிரகாமின் குரலைக் கேட்டவர்கள் யாரும் பெயரைப் பார்த்து முகம் சுளிக்கவில்லை. நம்முடைய கிறிஸ்தவக் குடும்பங்களில் கிரேஸ், ஜாய், பிளெஸ்ஸி எல்லாம் மூன்று தலைமுறையாக வீட்டுப் பெயர்கள்.

கடல் கடந்து பார்த்தால் இன்னும் தெளிவாகும். 2010 முதல் 2015 வரை நைஜீரியாவை ஆண்ட ஜனாதிபதி குட்லக் ஜொனாதன். அவர் மனைவி பேஷன்ஸ். ஜிம்பாப்வேயில் லவ்மோர், லேர்ன்மோர் என்ற பெயர்கள் சர்வசாதாரணம். அங்கே ஷோனா மொழியில் ‘மகிழ்ந்திரு’ என்ற பொருளில் ஃபராய் என்றும், ‘நன்றி சொன்னோம்’ என்ற பொருளில் டாடெண்டா என்றும் பிள்ளைகளுக்குப் பெயர் வைப்பது வழிவழியான பழக்கம். மனசில் இருப்பதை முழுச் சொல்லாகப் பிள்ளை மேல் சூட்டிவிடுவார்கள். மிஷன் பள்ளிகளும் வெள்ளைக்கார ஆட்சியும் வந்தபின் சொல் ஆங்கிலமாயிற்று. பெயர் வைக்கும் மனசு ஷோனாவாகவே இருந்தது.

கள்ளக்குறிச்சிக்குத் திரும்பலாம். இங்கே ஒரு தலைமுறைக்கு முன்னால் குழந்தைக்கு அழகான பெயர் வைக்கவே பயந்தார்கள். முதல் இரண்டு பிள்ளைகள் தங்கவில்லை என்றால் மூன்றாவது பிள்ளையைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்து ‘குப்பை’ என்றோ, மடியேந்தி வாங்கியது போலப் ‘பிச்சை’ என்றோ பெயரிடுவார்கள். மண்ணாங்கட்டி என்ற பெயரும் அந்த வழியில் வந்ததுதான். பெயர் அசிங்கமாக இருந்தால் எமன் கண்ணில் படாது, ஊர்க்கண்ணும் படாது என்று நம்பினார்கள். அவ்வளவு பயமும் பாசத்தில் விளைந்தது. 1971ல் இந்தியாவில் உயிரோடு பிறந்த ஒவ்வோர் 1,000 குழந்தைகளிலும் 129 பேர் முதல் பிறந்தநாளைப் பார்க்கவில்லை என்கிறது மாதிரிப் பதிவுக் கணக்கு. 2020ல் தமிழ்நாட்டில் அந்த எண்ணிக்கை 13. கிராமச் சுகாதாரச் செவிலியர், தடுப்பூசி, 108 ஆம்புலன்ஸ் என்று பலர் சேர்ந்து குறைத்த எண்ணிக்கை இது. குழந்தை தங்கிவிடும் என்ற தைரியம் வந்த பிறகுதான், பெற்றவர்களுக்குப் பெயரில் சந்தோஷத்தைக் காட்டும் துணிச்சலும் வந்தது. ‘ஜாய்’ என்று ஒருவர் ஆசைப்படுவதற்குப் பின்னால் இவ்வளவு பேருடைய உழைப்பு இருக்கிறது.

பெண் குழந்தைகளின் கதை இதைவிடக் கசப்பு. தெற்கத்திச் சீமையில் ‘போதும்பொண்ணு’ என்ற பெயரைக் கேட்காதவர்கள் குறைவு. திருத்தணி அருகே நாராயணபுரம் கிராமத்தில் ‘வேண்டாம்’ என்றே பெண்களுக்குப் பெயர் வைத்திருக்கிறார்கள். அடுத்தாவது ஆணாகப் பிறக்கட்டும் என்ற வேண்டுதல் அது. பள்ளிக்கூடத்தில் ஆசிரியர் “வேண்டாம்” என்று கூப்பிட, ஒரு சின்னப் பெண் “உள்ளேன் ஐயா” என்று எழுந்து நிற்பதைக் கண்முன் கொண்டுவந்து பாருங்கள். மகாராஷ்டிரத்தில் இதே பொருளில் ‘நகுசா’ என்ற பெயர் இருந்தது. 2011 அக்டோபரில் சத்தாரா மாவட்ட நிர்வாகம் 285 பெண்களை ஓரிடத்தில் கூட்டி, அவர்கள் விரும்பிய புதுப் பெயர்களைச் சூட்டிச் சான்றிதழ் கொடுத்தது. ஓர் அரசு நிர்வாகம் பெயருக்காக மட்டும் நடத்திய விழாக்களில் அதைப் போல மனசைத் தொட்டது வேறில்லை.

இப்படிப்பட்ட நாட்டில் ஒரு தகப்பன் தன் மகளைக் கையில் ஏந்திக்கொண்டு ‘நீ வந்தது எனக்குச் சந்தோஷம்’ என்பதையே அவளுக்குப் பெயராக வைக்க நினைக்கிறார். அது எந்த மொழியில் இருந்தாலும் முதலில் அவருக்கு ஒரு கும்பிடு போட வேண்டும். மொழிச் சண்டையை அப்புறம் வைத்துக்கொள்ளலாம்.

அந்தச் சண்டையிலும் நியாயம் இல்லாமல் இல்லை. 1916ல் மறைமலையடிகள் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கினார். வேதாசலம் மறைமலையானார், சூரியநாராயண சாஸ்திரி அதற்கு முன்பே பரிதிமாற் கலைஞர் என்று எழுதியிருந்தார். பின்னால் வந்த திராவிட இயக்கத்தில் நாராயணசாமி நெடுஞ்செழியனானார், ராமையா அன்பழகனானார். அர்த்தம் தெரிந்து பெயர் வைக்கலாம், வேண்டாத பெயரைத் தூக்கிப் போடலாம் என்று தமிழர்களுக்குச் சொல்லிக்கொடுத்தவர்கள் அவர்கள்தான். 2010ல் சென்னை மாநகராட்சி, தன் மருத்துவமனைகளில் பிறந்து தமிழ்ப் பெயர் பெறும் குழந்தைகளுக்குத் தங்க மோதிரம் போட்டது. அதே இயக்கத்துக்குள் வெளிநாட்டுச் சொற்களுக்கும் இடம் இருந்தது. 1932ல் சோவியத் நாட்டைச் சுற்றிப் பார்த்து வந்த பெரியார், தொண்டர் வீட்டுப் பிள்ளைகளுக்கு ரஷ்யா, மாஸ்கோ என்று பெயர் வைத்தார். கம்பம் பள்ளத்தாக்கில் முல்லைப் பெரியாறு அணையைக் கட்டிய வெள்ளைக்காரரின் நினைவாகப் பென்னிகுயிக் என்று பெயர் வைத்த குடும்பங்கள் உண்டு. வயலுக்குத் தண்ணீர் கொடுத்தவர் பெயர் அவர்களுக்கு அந்நியமாகப் படவில்லை.

தமிழ்ப் பெயரை வைக்கச் சொல்கிறவர்கள், அந்தப் பெயரோடு வரும் பிள்ளையை ஊர் எப்படி நடத்துகிறது என்பதையும் பார்க்க வேண்டும். திருக்கோவிலூரில் தென்பெண்ணை ஆற்றுக்குள் கபிலர் குன்று நிற்கிறது. பாரி மறைந்தபின் அவன் மகள்களைக் கபிலர் கைப்பிடித்து அழைத்து வந்தது இந்த மலையமான் நாட்டுக்குத்தான். பாரியின் மகளை மலையமானுக்குக் கொடுத்துவிட்டுக் கபிலர் தீப்புகுந்த செய்தியைத் திருக்கோவிலூர் வீரட்டானேசுவரர் கோயிலில் உள்ள ராஜராஜன் காலத்துக் கல்வெட்டு சொல்கிறது. அந்தப் பெண்களை வழக்கு அங்கவை, சங்கவை என்று அழைக்கிறது. இந்த மாவட்டமே பெருமைப்பட வேண்டிய இரண்டு பெயர்கள். 2007ல் வெளிவந்த ‘சிவாஜி’ படம் இந்த இரண்டையும் கேலிக்குரிய பெயர்களாக்கிவிட்டது. தியேட்டரில் சிரிப்பு அடங்கிய பிறகும் தெருவில் அடங்கவில்லை. கறுப்பான பெண்ணைக் கிண்டல் செய்ய அந்தப் பெயர்கள் கல்லாகப் பயன்பட்டன. அதற்கு எதிராகத் தமிழறிஞர்கள் குரல் கொடுத்தார்கள். ஆனாலும் அதன் பிறகு தன் பெண்ணுக்குத் துணிந்து சங்கவை என்று வைத்த தகப்பன் எத்தனை பேர்? கேலி செய்யும் ஊருக்குப் பயந்துதான் பெற்றவர்கள் வேறு மொழிக்கு ஓடுகிறார்கள். அந்தக் கேலியை நிறுத்தாமல், ஓடுகிறவர்களைத் துரோகி என்று சொல்வது சரியில்லை.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். இன்று கள்ளக்குறிச்சியில் எந்த அங்கன்வாடியில் எட்டிப் பார்த்தாலும் ஷ, ஜ, ஹ இல்லாத பெயர் அபூர்வம். நட்சத்திரத்துக்கு இந்த எழுத்து, எண் கணிதப்படி இத்தனை கூட்டுத்தொகை என்று போனில் தேடி எடுத்த பெயர்கள். பொருள் என்னவென்று பெற்ற தாயிடம் கேட்டால் “ஏதோ சாமி பேருதாங்க” என்பார். தமிழும் இல்லை, சமஸ்கிருதமும் இல்லை, ஓசை மட்டும் இருக்கிறது. அவற்றோடு வைத்துப் பார்த்தால் ‘ஜாய்’ என்ற பெயர் நேர்மையானது. வைத்தவருக்கும் பொருள் தெரியும், கேட்பவருக்கும் தெரியும், வளர்ந்தபின் அந்தப் பெண்ணுக்கும் தெரியும்.

ஆனால் பொருள் மட்டும் இருந்தால் போதாது. பெயர் முதலில் கூப்பிடுவதற்கு. அந்தச் சோதனைக்குக் கல்வராயன் மலையைவிட நல்ல இடம் கிடையாது.

கச்சிராயபாளையத்தில் கோமுகி அணையைத் தாண்டி மலை ஏறினால் வெள்ளிமலை. மலையில் வாழும் பழங்குடி மக்களுக்கு மலையாளி என்று பெயர். கேரளத்துக்கும் அவர்களுக்கும் தொடர்பில்லை. தங்கள் முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து வந்த அண்ணன் தம்பிகள் என்பது அவர்கள் வழிவழியாகச் சொல்லும் கதை. 1976 வரை இந்த மலை சடையக் கவுண்டர், குறும்பக் கவுண்டர், ஆரியக் கவுண்டர் என்ற மூன்று ஜாகீர்களின் கையில் இருந்தது. தங்கள் இனத்தின் பெயரைக்கூட மலைக்குக் கீழே ஒவ்வொரு அலுவலகத்திலும் விளக்கிச் சொல்ல வேண்டியிருக்கும் மக்கள் இவர்கள். பெயரின் கனம் அவர்களுக்குத் தெரிந்த அளவு சமவெளிக்காரர்களுக்குத் தெரியாது.

அந்த மலையில் சாமைக் கொல்லையில் நிற்கும் ஓர் அம்மா, எதிர்ச்சரிவில் மாடு மேய்க்கும் மகனைக் கூப்பிடுகிறாள் என்று நினைத்துக்கொள்ளுங்கள். “ஆண்டீ…” என்று கடைசி எழுத்தை நீட்டுவாள். “சின்னப்பையா…” என்றால் அந்த ‘யா’ மடுவைக் கடந்து போகும். “ராமாயீ…” இன்னும் தூரம் போகும். நம் பழைய பெயர்கள் எல்லாம் நீட்டிக் கூப்பிடத் தோதாக இருப்பது தற்செயல் இல்லை. கூப்பிடும்போது பெயர் எப்படி மாறும், எந்த எழுத்து நீளும் என்று சொல்லவே தொல்காப்பியம் சொல்லதிகாரத்தில் விளிமரபு என்று ஓர் இயலை ஒதுக்கியிருக்கிறது.

இப்போது ஆங்கிலச் சொற்களை அதே கொல்லையில் நிறுத்திப் பார்க்கலாம். ‘ஜாய்’ தேறிவிடும். “ஜாயீ…” என்று இழுத்தால் ராமாயி, கண்ணாயியோடு சேர்ந்துகொள்ளும். பாட்டி வாயில் ‘சாயி’ ஆனாலும் கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ‘ஸ்மைல்’ தேறாது. முன்னால் ஓர் ‘இ’யும் பின்னால் ஓர் ‘உ’வும் ஒட்டிக்கொண்டு ‘இஸ்மைலு’ ஆகிவிடும். ‘ஹேப்பி’யில் முதல் எழுத்து உதிர்ந்து ‘ஏப்பி’ மிஞ்சும். ‘மெர்ரி’ நாலு நாளில் மேரியாகிவிடும். ‘சன்னி’ வெயில் போன்ற பெயர்தான். ஆனால் தமிழில் சன்னி என்றால் காய்ச்சல் முற்றிப் பிதற்றும் நோய், கைக்குழந்தைக்குக் கண்டால் குடும்பமே கலங்கும். ‘பன்னி’ என்று முயல்குட்டியின் செல்லப் பெயரை வைக்க நினைப்பவர்கள் தெருவில் அது எதைக் குறிக்கும் என்று ஒரு நிமிடம் யோசித்தால் போதும்.

இன்னொரு சங்கடமும் உண்டு. நம் ஊர்களில் ஆங்கில மகிழ்ச்சிச் சொற்கள் முதலில் போய்ச் சேர்ந்தது நாய்க்குட்டிகளிடம். ஜிம்மி, டாமி, ராக்கி வரிசையில் லக்கியும் ஹேப்பியும் பல வீட்டு வாசலில் சங்கிலியோடு நிற்கின்றன. பள்ளிக்கூடம் போகும் பெண்ணுக்கு அது தினசரித் தொல்லை. பாவாடை கல்லூரியில் பட்டதை அவர் மகள் ஒன்றாம் வகுப்பிலேயே பட வேண்டாம்.

புதுச் சொல்லைப் பெயராக வைக்கும் துணிச்சலுக்கு நம் பக்கத்திலேயே ஒரு கூட்டம் இருக்கிறது. பெங்களூரு அருகே பிடதியை ஒட்டிய பத்ராபுரத்தில் ஹக்கிப்பிக்கி மக்கள் வாழ்கிறார்கள். நம் நரிக்குறவர்கள் பேசும் வாக்ரிபோலிதான் அவர்கள் வீட்டு மொழியும். காட்டை விட்டு ஊருக்கு வந்தபின், கண்ணில் பட்டதும் மனசுக்குப் பிடித்ததும் பெயராயின: காபி, மைசூர் பாக், கூகுள், ஹைகோர்ட். வெளியிலிருந்து போனவர்கள் சிரித்துவிட்டு வந்தார்கள். ஆனால் அந்த ஊருக்குள் யாரும் யார் பெயரைப் பார்த்தும் சிரிப்பதில்லை. அங்கே ஹைகோர்ட் என்ற பெயருள்ளவர் தலைநிமிர்ந்து நடக்கிறார். கள்ளக்குறிச்சிப் பாவாடைக்கு வெளியூரில் கிடைக்காதது அதுதான்.

சில நாடுகள் இதைச் சட்டத்துக்கே விட்டுவிட்டன. பிரான்சில் ஒரு தம்பதி பெண்ணுக்கு ‘நுட்டெல்லா’ என்று ரொட்டியில் தடவும் சாக்லேட்டின் பெயரை வைத்தபோது, வாலன்சியென் நகர நீதிபதி அதை ‘எல்லா’ என்று மாற்றினார். நியூசிலாந்து வழக்குதான் நெஞ்சில் நிற்கிறது. ஒரு பெண்ணுக்குத் ‘தலூலா ஹவாயிலிருந்து ஹூலா ஆடுகிறாள்’ என்று முழு வாக்கியத்தையே பெயராக வைத்திருந்தார்கள். 2008ல் அது குடும்ப நீதிமன்றத்துக்கு வந்தபோது அவளுக்கு 9 வயது. தன் பெயரைத் தோழிகளிடம்கூடச் சொல்லாமல் ‘கே’ என்று மட்டும் சொல்லி வந்திருக்கிறாள். இனிஷியலுக்குள் ஒளிந்துகொள்வது கள்ளக்குறிச்சிக்கு மட்டும் உரியது இல்லை. நீதிபதி பெயரை மாற்ற வழி செய்தார்.

இந்தியாவில் எந்தப் பெயரை வைக்கலாம், எதை வைக்கக்கூடாது என்று சட்டத்தில் பட்டியல் இல்லை. பெற்றவர்கள் எழுதிக் கொடுப்பதைப் பதிவாளர் எழுதிக்கொள்வார். ஆகவே நீதிபதி செய்ய வேண்டிய வேலையையும் பெற்றவர்களே செய்தாக வேண்டும். பெயர் வைக்கிறவர் ஒருவர், சுமக்கிறவர் வேறொருவர். உளுந்தூர்பேட்டை வட்டம் கூவாகத்தில் சித்திரை மாதம் கூத்தாண்டவர் கோயிலில் கூடும் திருநங்கையர் இதை நன்றாக அறிவார்கள். பெற்றோர் வைத்த பெயரை விட்டு, தனக்கான பெயரைத் தானே தேர்ந்துகொண்டவர்கள் அவர்கள். 2019ம் ஆண்டுச் சட்டப்படி அடையாளச் சான்று பெற்றவர்கள் பிறப்புச் சான்றிதழில்கூட முதல் பெயரை மாற்றிக்கொள்ளலாம். தனக்குப் பொருந்தாத பெயரோடு வாழ்வது எவ்வளவு பாரம் என்பதை அவர்களிடம் கேட்டால் சொல்வார்கள்.

காகிதத்தில் வரும் சிக்கல் தனி. ஆங்கிலப் பெயரைத் தமிழில் எழுதி, அந்தத் தமிழை இன்னொரு அலுவலகத்தில் திரும்ப ஆங்கிலமாக்கும்போது எழுத்து மாறிவிடும். ‘ஜாய்’ ஓரிடத்தில் ‘ஜெய்’ ஆகும், இன்னோரிடத்தில் ‘ஜாயி’ ஆகும். பிறப்புச் சான்றிதழில் ஒன்று, ஆதாரில் ஒன்று, சாதிச் சான்றிதழில் ஒன்று என்றால் உதவித்தொகைக்கு விண்ணப்பிக்கும்போது வந்து நிற்கும் வில்லங்கம் அது. மலையிலிருந்து ஒரு பழங்குடிச் சான்றிதழுக்காகக் கீழே கோட்டாட்சியர் அலுவலகத்துக்கு வந்து போவது ஒரு நாள் கூலியைத் தின்னும் வேலை. ஓர் எழுத்துக்காக அதை மறுபடியும் செய்ய வைக்கக்கூடாது. 2023 அக்டோபர் முதல் நாளிலிருந்து நடைமுறைக்கு வந்த சட்டத் திருத்தத்தின்படி, அதற்குப் பின் பிறந்தவர்களுக்குப் பள்ளிச் சேர்க்கை, வாக்காளர் பட்டியல், ஆதார் எல்லாவற்றுக்கும் பிறப்புச் சான்றிதழே ஆதாரம். அதில் பெயர் இரண்டு மொழியிலும் எப்படி இருக்கிறது என்று கையெழுத்துப் போடும் முன் ஒரு முறைக்கு இரு முறை படித்துப் பார்ப்பது நல்லது. பழைய காலத்தில் பள்ளியில் சேர்க்கும்போது வாத்தியார் எழுதியதே பெயர், அவர் போட்டதே பிறந்த தேதி. இன்று அந்தப் பேனா பெற்றவர்கள் கையில் இருக்கிறது.

சரி, ஜாய் வைக்கலாமா, கூடாதா? வைக்கலாம். பொருள் நல்லது, வாயில் நிற்கிறது, கூப்பிட்டால் தூரம் போகிறது. குடும்பம் மனமொப்பி வைத்தால் ஊர் அதைக் குறை சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அதே சந்தோஷத்துக்குத் தமிழில் சொல் இல்லை என்று நினைத்து ஆங்கிலத்துக்குப் போகிறவர்கள் ஒரு நிமிடம் நிற்க வேண்டும். மகிழ் என்ற ஒரு வேரிலிருந்தே மகிழன், மகிழினி, மகிழ்நன் என்று எத்தனை பெயர்கள்! அதில் மகிழம்பூவின் மணமும் சேர்ந்தே வருகிறது. இனியன், இனியா, நகைமுகன், உவகை என்று இன்னும் இருக்கின்றன. வழக்கத்தில் இல்லாத பெயர்தான் வேண்டும் என்றாலும் தமிழ் கை விரிக்காது. சங்கப் பாட்டைத் தொகுத்தவர்கள், பாடியவர் பெயர் தெரியாதபோது பாட்டில் வந்த அழகான சொற்றொடரையே அவருக்குப் பெயராக்கினார்கள்: செம்புலப்பெயனீரார், அணிலாடு முன்றிலார், மீனெறி தூண்டிலார். வாசலில் அணில் விளையாடுவதை ஒருவருக்குப் பெயராக வைத்த மொழியில் புதுமைக்கு என்ன பஞ்சம்?

பாட்டனின் பெயரைச் சுமப்பதால்தான் பேரன் என்றே பெயர் வந்தது. பெயர் வைக்கும் நாளில் தொட்டிலைச் சுற்றி நிற்கும் எல்லோருக்கும் அந்தப் பெயரில் ஒரு பங்கு இருக்கிறது. குழந்தையின் காதில் அதை மூன்று முறை சொல்லப் போகிறவர்கள் அவர்கள்தான். பாவாடையின் அப்பா கேட்பதும் அந்தப் பங்கைத்தான்.

பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். பெயரை அன்றே எழுதியாக வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை. பெயர்ப் பத்தியைக் காலியாக விட்டு வந்தாலும் 12 மாதம் வரை கட்டணம் இல்லாமல் சேர்க்கலாம். அதன்பின் தாமதக் கட்டணத்தோடு 15 ஆண்டு வரை சேர்க்க முடியும். எழுதியபின் மாற்றுவதுதான் கடினம், அரசிதழ் வரை அலைய வேண்டும். ஆகவே அவசரப்படாதீர்கள். பிடித்த பெயரை வைத்துக்கொண்டு ஒரு மாதம் வீட்டில் கூப்பிட்டுப் பாருங்கள். பாட்டியைக் கொல்லைக் கோடியில் நிறுத்தி, அவர் வாயால் ஒருமுறை உரக்கக் கூப்பிடச் சொல்லுங்கள். அவர் தடுமாறாமல் கூப்பிட்டால், அது எந்த மொழிச் சொல்லாக இருந்தாலும், தயங்காமல் எழுதிவிட்டு வாருங்கள்.